டெனாலியா, மெக்கின்லியா? ஒரு மலையும் அதன் பெயர்ச் சண்டையும்

கேள்வி இதுதான்: அலாஸ்காவில் இருக்கும் டெனாலியும் மெக்கின்லியும் ஒரே மலையா, எந்தப் பெயர் சரி, அடியிலிருந்து அளந்தால் அது எவரெஸ்டைவிட உயரம் என்கிறார்களே உண்மையா, அவ்வளவு தூரம் போனால் கண்ணால் பார்க்கவாவது முடியுமா?

ஒரே மலைதான். கடல்மட்டத்திலிருந்து 6,190 மீட்டர், வட அமெரிக்கக் கண்டத்திலேயே உயரமானது. அமெரிக்க மத்திய அரசின் ஏடுகளில் 2015 ஆகஸ்டிலிருந்து 2025 ஜனவரி வரை அது டெனாலி, அதற்கு முன்னாலும் இப்போதும் மவுண்ட் மெக்கின்லி. அலாஸ்கா மாநிலத்தைக் கேட்டால் 1975 முதல் டெனாலிதான் என்று சொல்லும். அந்த மலையைச் சுற்றித் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்துவரும் அத்தபாஸ்கன் மக்களைக் கேட்டால், நீங்கள் மலைக்கு எந்தப் பக்கம் நின்று கேட்கிறீர்கள் என்பதைப் பொறுத்துப் பதில் மாறும். செய்திகளில் வருவதெல்லாம் ஒபாமா, டிரம்ப் சண்டை மட்டும்தான். எனக்கோ, நிற்கும் பக்கத்தைப் பொறுத்துப் பெயர் மாறுகிற விஷயம்தான் மொத்தக் கதையிலேயே சுவாரசியமானது, அது புரிய வேண்டுமென்றால் மலை எங்கே, எப்படி நிற்கிறது என்பதை முதலில் பார்க்க வேண்டும்.

அலாஸ்காவின் தெற்குக் கடலோரத்துக்கும் உள்நாட்டுக்கும் நடுவே வில்போல வளைந்து கிடக்கிறது அலாஸ்கா மலைத்தொடர். அந்த வில்லின் வளைவிலேயே டெனாலி இருக்கிறது. ஆங்கரேஜ் நகரிலிருந்து வடக்கே 210 கி.மீ. போல, ஃபேர்பேங்க்ஸிலிருந்து தென்மேற்கே 250 கி.மீ. போல. வடக்குப் பக்கம் தூந்திராவும் ஊசியிலைக் காடும் ஆற்று மணலுமாகத் தாழ்வான நிலம், அந்தப் பக்கத்துத் தண்ணீர் டனானா, குஸ்கோக்விம் ஆறுகளுக்குப் போகிறது. தெற்குப் பக்கத்துத் தண்ணீர் சுசிட்னா ஆற்றில் சேர்ந்து குக் குடாவில் விழுகிறது. அட்சரேகை 63 டிகிரி வடக்கு. இவ்வளவு வடக்கே, துருவத்துக்கு இவ்வளவு பக்கத்தில், ஆறாயிரம் மீட்டரைத் தாண்டுகிற மலை உலகில் வேறு கிடையாது.

இது எவ்வளவு தனியாக நிற்கிறது என்பதற்கு ஒரு கணக்கு இருக்கிறது. ஒரு மலையிலிருந்து, அதைவிட உயரமான அடுத்த இடம் எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்று பார்ப்பார்கள். டெனாலிக்கு அந்தத் தூரம் ஏறத்தாழ 7,450 கி.மீ.; அதைவிட உயரமானதைத் தேடி ஆசியாவின் நடுவுக்கே போக வேண்டும். இந்த வரிசையில் எவரெஸ்டும் தென் அமெரிக்காவின் அகோன்காகுவாவும்தான் இதற்கு முன்னால் வருகின்றன. சுற்றியிருக்கும் நிலத்திலிருந்து எவ்வளவு துருத்திக்கொண்டு நிற்கிறது என்று பார்த்தாலும் அதே மூன்றும் அதே வரிசையில்தான்.

இப்போது அந்த 'அடியிலிருந்து' விவகாரம். டெனாலியின் அடிவாரம் கடல்மட்டத்திலிருந்து 300 முதல் 900 மீட்டருக்குள்தான். வடக்கே ஒண்டர் ஏரி என்று ஒன்று இருக்கிறது, அதன் உயரம் 600 மீட்டர் சொச்சம், அங்கிருந்து உச்சி 43 கி.மீ. தூரத்தில். அதாவது அந்த 43 கி.மீ.-க்குள் நிலம் 5,500 மீட்டர் மேலே போய்விடுகிறது. எவரெஸ்ட் 8,849 மீட்டர் உயரம் என்றாலும் அது நிற்பது திபெத் பீடபூமியின் விளிம்பில். அங்கே தரையே ஐயாயிரம் மீட்டருக்கு மேல், நேபாளப் பக்கம் நாலாயிரத்துச் சொச்சம். அதனால் கண்ணுக்கு எழும்பித் தெரியும் உயரம் மூவாயிரத்து எழுநூறு, நாலாயிரத்து அறுநூறு என்றுதான் வரும். இந்த அர்த்தத்தில் டெனாலி உயரம் என்பது சரி.

ஆனால் 'நிலத்தில் உலகிலேயே முதலிடம்' என்று சிலர் ஒரு படி மேலே போய்ச் சொல்வார்கள், அதை நான் ஏற்க மாட்டேன். பாகிஸ்தானின் நங்க பர்பத் சிந்து நதிப் பள்ளத்தாக்கிலிருந்து 30 கி.மீ.-க்கும் குறைவான தூரத்தில் ஏறத்தாழ 7,000 மீட்டர் எழும்புகிறது. அடிவாரம் என்று ஆற்றங்கரையைச் சொல்வீர்களா, பக்கத்துச் சமவெளியைச் சொல்வீர்களா என்பதில் எல்லாம் அடங்கியிருக்கிறது. ஹவாயின் மவுனா கியாவைக் கடலின் அடித்தளத்திலிருந்து அளந்தால் பத்தாயிரம் மீட்டரைத் தாண்டும் என்பதும் இதே வகை வாதம்தான். விளையாட்டுக்கு நல்லது, முடிவுக்கு உதவாது.

எப்படி இவ்வளவு உயரம் வந்தது என்றால், இரண்டு காரணங்கள். ஒன்று கல். மலையின் பெரும்பகுதி கருங்கல். சுமார் 5.6 கோடி ஆண்டுகளுக்கு முன் பூமிக்கடியில் ஆழத்தில் உருகிய பாறைக்குழம்பு மெல்லக் குளிர்ந்து இறுகியது. அது எளிதில் தேயாது. சுற்றியிருந்த பழைய கடலடிப் படிவுப் பாறைகள் தேய்ந்து போக, இது நின்றுவிட்டது. வடக்குச் சிகரத்தின் தலையில் மட்டும் அந்தப் பழைய கறுப்புப் பாறை இன்னும் தொப்பியாக ஒட்டிக்கொண்டிருக்கிறது.

இன்னொன்று டெனாலி நிலப்பிளவு. பசிபிக் தட்டு தெற்கிலிருந்து தொடர்ந்து தள்ளிக்கொண்டே இருப்பதால் அலாஸ்காவின் தென்பகுதி இந்தப் பிளவின் வழியாக மேற்கு நோக்கி நகர்கிறது. பிளவு நேராக இருக்கும் இடங்களில் சிக்கல் இல்லை, வழுக்கிக்கொண்டு போய்விடும். டெனாலிக்குப் பக்கத்தில் அது வளைகிறது. பேருந்து வளைவில் திரும்பும்போது மொத்தக் கூட்டமும் ஓரத்தில் நிற்பவர் மேல் சாய்ந்து நெருக்குமே, அதுபோல அந்த வளைவில் பாறை நெருக்குண்டு போக வழியில்லாமல் மேலே எழும்புகிறது. இந்த வேகமான எழுச்சி தொடங்கி ஐந்தாறு மில்லியன் ஆண்டுகள்தான் ஆகின்றன, மலைகளின் வயதில் அது நேற்று மாதிரி. இன்னும் ஆண்டுக்கு ஒரு மில்லிமீட்டர் அளவில், அல்லது அதற்கும் குறைவாக, வளர்ந்துகொண்டுதான் இருக்கிறது. பிளவும் தூங்கவில்லை; 2002 நவம்பர் 3-ஆம் தேதி இதில் 7.9 அளவுள்ள ஒரு பெரும் நிலநடுக்கம் வந்தது. அலாஸ்காவை வடக்கு தெற்காகக் கடக்கும் எண்ணெய்க் குழாய் இந்தப் பிளவைத் தாண்டும் இடத்தில் வழுக்கி நகரும்படி கட்டப்பட்டிருந்ததால் உடையாமல் தப்பித்தது.

பனியாறுகளைச் சொல்லாமல் இந்த மலையைப் பற்றிப் பேச முடியாது. தெற்கே இறங்கும் கஹில்ட்னா பனியாறு 71 கி.மீ. நீளம், அந்த மலைத்தொடரிலேயே நீளமானது. ரூத் பனியாறு போகும் பெரும் பள்ளத்தில் இரண்டு பக்கமும் ஆயிரத்து ஐந்நூறு மீட்டர் கருங்கல் சுவர், நடுவில் இருக்கும் பனியின் தடிமன் ஆயிரம் மீட்டருக்கு மேல். பனியை எடுத்துவிட்டால் அது உலகின் ஆழமான பள்ளங்களில் ஒன்றாக இருக்கும். வடக்கே இறங்கும் முல்ட்ரோ பனியாற்றுக்கு வேறு குணம்: பல பத்தாண்டுகள் சும்மா கிடந்துவிட்டுத் திடீரென்று பாய ஆரம்பிக்கும். 1956-57-இல் அப்படிப் பாய்ந்தது, அப்புறம் 2021-இல் மறுபடியும்.

சரி, பெயருக்கு வருவோம்.

அத்தபாஸ்கன் என்பது ஒரே மொழி அல்ல, ஒரு மொழிக் குடும்பம். மலையைச் சுற்றி அந்தக் குடும்பத்தைச் சேர்ந்த பல மொழிகள் பேசும் மக்கள் இருக்கிறார்கள். அலாஸ்காவில் இந்த மொழிகளை ஆயுள் முழுக்க ஆராய்ந்தவர் ஜேம்ஸ் காரி என்ற மொழியியலாளர். இந்த எல்லா மொழிகளிலும் மலைக்கு என்ன பெயர் என்று அவர் திரட்டிப் பார்த்தபோது ஒரு தெளிவான கோடு தெரிந்தது. மலைத்தொடருக்கு வடக்கிலும் மேற்கிலும் இருப்பவர்கள் 'உயரமானது' என்ற பொருளில் பெயர் வைத்திருக்கிறார்கள்: கொயுக்கான் மொழியில் டீனாலீ, மேல் குஸ்கோக்விம் மொழியில் டெனாஸெ, இப்படி. டெனாலி என்று உலகம் சொல்வது இந்தக் கொயுக்கான் வடிவத்திலிருந்து வந்ததுதான். தெற்கே இருக்கும் டெனைனா, ஆட்னா மக்களோ 'பெரிய மலை' என்ற பொருளில் வேறு பெயர் சொல்கிறார்கள். டெனைனாவில் ட்கெலாய் காஆ என்பதற்குக் கிட்டத்தட்ட வரும், நம் எழுத்தில் அந்த ஒலியை முழுதாகப் பிடிக்க முடியாது. 'மகத்தானவர்' என்று டெனாலிக்குச் சுற்றுலாக் கையேடுகளில் பொருள் போடுவார்கள். அது ஏற்றிச் சொல்வது. உயரம், நீளம் என்பதைக் குறிக்கும் சாதாரண வினையடிதான் அந்தச் சொல்லில் இருக்கிறது.

நிலப்படத்தை எடுத்து வைத்துக்கொண்டு இதைப் பார்த்தால் எனக்கு இது ரொம்ப இயல்பாகத் தெரிகிறது. வடக்கே நின்றால் தட்டையான நிலத்திலிருந்து மலை நேராகச் சுவர்போல எழும்பும். அந்தப் பக்கத்து விக்கர்ஷாம் சுவர் மட்டுமே நாலாயிரம் மீட்டருக்கு மேல். பார்த்ததும் வாயில் வருவது 'உயரம்' என்பதுதான். தெற்கே சுசிட்னா பள்ளத்தாக்கில் நின்று பார்த்தால் இடப்பக்கம் ஒரு பெரிய மலை, நடுவில் ஒன்று, வலப்பக்கம் டெனாலி என்று மூன்று மலைகள் வரிசையாகத் தெரியும், அவற்றுள் பெரியது எது என்பதுதான் கேள்வி. அதனால் 'டெனாலிதான் பூர்வகுடிகள் வைத்த ஒரே பெயர்' என்று சொல்வது சரியில்லை. அது வடக்கத்தியர் பெயர். ஆனாலும் ஒரு விஷயத்தில் எல்லாத் திசைக்காரர்களும் ஒன்று: அத்தபாஸ்கன் வழக்கில் இடங்களுக்கு மனிதர் பெயரை வைக்க மாட்டார்கள். இடம் எப்படி இருக்கிறது, அங்கே என்ன கிடைக்கும், ஆறு எங்கே பிரிகிறது, இதைத்தான் பெயர் சொல்ல வேண்டும். பின்னால் வந்த சண்டையில் இது முக்கியமான புள்ளி. டெனாலிக்காரர்களுக்கு மெக்கின்லி பிடிக்காதவர் என்பதல்ல பிரச்சினை, ஒரு ஆள் பெயரை அந்த மலைக்கு வைத்ததுதான் பிரச்சினை.

வெளியாட்களில் எழுத்தில் பதிந்த முதல் குறிப்பு 1794-இல் ஜார்ஜ் வான்கூவர் குக் குடாவிலிருந்து வடக்கே தெரிந்த பனிமூடிய பிரம்மாண்டமான மலைகளைப் பற்றி எழுதியது. பெயரெல்லாம் வைக்கவில்லை, பார்த்தார், எழுதினார், போய்விட்டார். அலாஸ்கா ரஷ்யர்கள் கையில் இருந்த காலத்தில் 1834-இல் உள்நாட்டுக்குப் போன கிளாசுனோவ் இந்த மலையைப் பற்றிக் கேட்டறிந்து டெனாடா என்று குறித்தார், 1839-இல் வெளியான ரேங்கலின் நிலப்படத்தில் அந்தப் பெயர் இடம்பெற்றது. அதுவும் உள்ளூர்க்காரர் வாயிலிருந்து வந்த பெயர்தான். ரஷ்யர்களிடையே 'பல்ஷாயா கரா', அதாவது பெரிய மலை, என்ற வழக்கும் இருந்தது, தெற்கத்தியர் பெயரின் பொருளும் அதுவே. 1867-இல் அலாஸ்காவை அமெரிக்கா வாங்கிய பிறகு டெனாடா மறந்தே போனது. 1889 வாக்கில் ஃபிராங்க் டென்ஸ்மோர் என்ற தங்கம் தேடி அந்தப் பக்கம் சுற்றிவிட்டு வந்து மலையை வாய் ஓயாமல் புகழ, யூக்கான் ஆற்றுப் பக்கத்துச் சுரங்கக்காரர்கள் கொஞ்ச காலம் 'டென்ஸ்மோர் மலை' என்றே சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

அப்புறம்தான் வில்லியம் டிக்கி வருகிறார். பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் படித்தவர், ஆனால் 1896-இல் சுசிட்னா ஆற்றோரம் தங்கம் தேடிக்கொண்டிருந்தார். திரும்பி வந்து 1897 ஜனவரி 24 அன்று 'நியூயார்க் சன்' பத்திரிகையில் எழுதிய கட்டுரையில் மலையின் உயரம் இருபதாயிரம் அடிக்கு மேல் இருக்கும் என்றார், அதற்கு மவுண்ட் மெக்கின்லி என்று பெயர் வைத்ததாகவும் சொன்னார். உயரத்தைக் கண்ணால் பார்த்தே அவ்வளவு சரியாக மதிப்பிட்டது உண்மையிலேயே பெரிய விஷயம். பெயருக்கு அவர் சொன்ன காரணம், காட்டிலிருந்து வெளியே வந்ததும் கேட்ட முதல் செய்தி ஒஹாயோவின் வில்லியம் மெக்கின்லி அதிபர் வேட்பாளரானார் என்பதாம். இன்னொரு கதையும் உண்டு. அப்போது அமெரிக்காவில் நாணயம் தங்கத்தை மட்டும் அடிப்படையாகக் கொள்ள வேண்டுமா, வெள்ளியையும் சேர்க்க வேண்டுமா என்று தெருவெல்லாம் சண்டை. வெள்ளிக் கட்சியைச் சேர்ந்த இரண்டு பேர் காட்டில் டிக்கியை நாள்கணக்கில் வாதம் செய்தே சாகடித்தார்களாம், அவர்களுக்குப் பழிவாங்கத்தான் தங்கக் கட்சி வேட்பாளர் பெயரைக் கண்டத்திலேயே பெரிய மலைக்கு வைத்தாராம். டிக்கியே பிற்பாடு சொன்னதாக வழங்கும் கதை.

மெக்கின்லி அலாஸ்கா பக்கம் எட்டிப் பார்த்ததே கிடையாது. அதிபராக இருந்தபோதே 1901 செப்டம்பரில் பஃபலோ நகரில் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். அதன் பிறகு அந்தப் பெயர் அஞ்சலியாகவும் ஆகிவிட்டது, மாற்றச் சொல்வதற்கு யாருக்கும் வாய் வரவில்லை. ஒரு பத்திரிகைக் கட்டுரை, ஒரு துப்பாக்கிச் சூடு, அவ்வளவுதான், பெயர் நிலைத்துவிட்டது.

பக்கத்து மலைகளைப் பார்த்தால் இந்தப் பெயர்சூட்டும் வேலை எவ்வளவு அலட்சியமாக நடந்தது என்பது புரியும். தென்மேற்கே 5,304 மீட்டரில் நிற்கும் மலையைச் சுற்றுவட்டார மக்கள் சுல்தானா என்றும் மென்லாலே என்றும் சொன்னார்கள், டெனாலியின் மனைவி என்று அர்த்தம் சொல்வார்கள். 1899-இல் அந்தப் பக்கம் போன ஹெரான் என்ற ராணுவ அதிகாரி அதற்கு ஃபோரேக்கர் என்று பெயர் வைத்தார். யார் இந்த ஃபோரேக்கர்? அவரும் ஒஹாயோக்காரர், செனட்டர். அந்த ஒரு மாநிலத்துக்காரர்கள் இரண்டு பேர், ஆயிரக்கணக்கான மைல் தள்ளி, அலாஸ்காவின் இரண்டு பெரிய மலைகளில் ஏறாமலேயே உட்கார்ந்துவிட்டார்கள். மூன்றாவது மலை ஹன்டர், டெனைனாவில் பெகூயா, டெனாலியின் பிள்ளை. 1903-இல் ராபர்ட் டன் என்ற பத்திரிகையாளர் தன் பயணத்துக்குப் பணம் கொடுத்த அத்தையின் பெயரை ஒரு சிகரத்துக்கு வைத்தார். மூன்று வருடம் கழித்து வந்த அரசு நில அளவையாளர் அதைத் தவறான மலைக்குப் போட்டுவிட்டார். இன்று 4,442 மீட்டர் ஹன்டர் மலையில் ஏறுகிறவர்கள் உண்மையில் வேறொரு மலைக்கு வைத்த அத்தை பெயரில் ஏறிக்கொண்டிருக்கிறார்கள். அப்பா, அம்மா, பிள்ளை என்று ஒரு குடும்பமாக இருந்தவை நிலப்படத்தில் ஒரு அதிபர், ஒரு செனட்டர், ஒரு அத்தை என்று ஆகிவிட்டன.

1965-இல் இன்னொரு கூத்தும் நடந்தது. அதிபர் லிண்டன் ஜான்சன் மலையின் இரட்டைச் சிகரங்களுக்கு வின்ஸ்டன் சர்ச்சில் நினைவாகச் சர்ச்சில் சிகரங்கள் என்று பெயர் சூட்டினார். யாரும் கண்டுகொள்ளவில்லை, எல்லோரும் வடக்குச் சிகரம், தெற்குச் சிகரம் என்றே சொல்கிறார்கள்.

இது அமெரிக்காவுக்கு மட்டும் உரிய வியாதி அல்ல. எவரெஸ்டுக்கு அந்தப் பெயரை வைக்கலாம் என்று யோசனை வந்தபோது, இந்திய நில அளவைத் துறைத் தலைவராக இருந்த ஜார்ஜ் எவரெஸ்டே, உள்ளூர்க்காரர் வாயில் நுழையாது, அவர்கள் எழுத்தில் எழுத வராது என்று ஆட்சேபித்தார். யார் கேட்டார்கள்?

ஏறியவர்கள் எந்தப் பெயரைச் சொன்னார்கள் என்பது தனிக் கதை. 1906-இல் ஃபிரெடரிக் குக் உச்சியைத் தொட்டதாகப் படம் காட்டினார். பிற்பாடு அதே இடத்தைத் தேடிப் போனவர்கள், அந்தப் படம் உண்மையான உச்சியிலிருந்து 30 கி.மீ. தள்ளி, 1,600 மீட்டர் சொச்சம் உயரமுள்ள ஒரு மேட்டில் எடுத்தது என்று கண்டுபிடித்தார்கள். அந்த மேட்டுக்கு இன்றும் 'பொய்ச் சிகரம்' என்றுதான் பெயர், இந்த வட்டாரத்தில் தகுதி பார்த்து வைத்த பெயர் என்று நான் சொல்வது அதை மட்டும்தான். 1910-இல் உள்ளூர்ச் சுரங்கத் தொழிலாளர்கள் இரண்டு பேர், பில்லி டெய்லரும் பீட் ஆண்டர்சனும், 14 அடி மரக்கம்பத்தைச் சுமந்துகொண்டு போய் 5,934 மீட்டர் வடக்குச் சிகரத்தில் ஏறினார்கள். கம்பத்தைத் தலைக்குக் கொஞ்சம் கீழே பாறையில் நட்டுவிட்டு வந்தார்கள். தூரத்திலிருந்து பார்க்கிறவர்களுக்குத் தெரியட்டும் என்று. தெரியவில்லை. அவர்கள் குழுத்தலைவர் வேறு கதை அளந்துவிட்டதால் ஊரில் யாரும் நம்பவும் இல்லை. ஆனால் வடக்குச் சிகரம் தெற்குச் சிகரத்தைவிட 250 மீட்டர் போலத் தாழ்வு, அதனால் அது உச்சிக் கணக்கில் வரவில்லை.

1913 ஜூன் 7 அன்று தெற்குச் சிகரத்தில், அதாவது உண்மையான உச்சியில், நான்கு பேர் ஏறினார்கள்: ஹட்சன் ஸ்டக் என்ற பாதிரியார், ஹாரி கார்ஸ்டென்ஸ், ராபர்ட் டாட்டம், வால்டர் ஹார்ப்பர். முதலில் காலை வைத்தது ஹார்ப்பர். வயது 20. அம்மா கொயுக்கான் பெண், அப்பா அயர்லாந்துக்காரர். டெனாலி என்ற பெயரைத் தன் தாய்மொழியில் வைத்திருந்த இனத்துப் பையன்தான் அந்த உச்சிக்கு முதலில் போனான் என்பதைப் பள்ளிப் புத்தகங்கள் ரொம்ப நாள் அழுத்திச் சொல்லவில்லை. ஏறும் வழியில், மூன்று வருடம் முன்பு நட்ட அந்த மரக்கம்பத்தை இவர்கள் வடக்குச் சிகரத்தில் பார்த்தார்கள், சுரங்கக்காரர்களின் மானம் அப்போதுதான் திரும்பியது. ஹார்ப்பர் 1918 அக்டோபரில் புது மனைவியோடு, மருத்துவம் படிக்கும் கனவோடு கப்பலேறினார். பிரின்சஸ் சோஃபியா என்ற அந்தக் கப்பல் அலாஸ்காக் கடலில் மூழ்கியது, ஒருவரும் பிழைக்கவில்லை. ஸ்டக் 1914-இல் வெளியிட்ட நூலின் முகவுரையிலேயே, இந்த மலைக்கும் பக்கத்து மலைக்கும் பழைய பெயர்களைத் திருப்பிக் கொடுங்கள் என்று கேட்டுக்கொண்டார். அதாவது பெயரை மாற்றச் சொன்னது நேற்றைய அரசியல்வாதிகள் கிளப்பியது அல்ல, நூறு வருடத்துக்கு மேல் பழைய கோரிக்கை.

இயற்கையாளர் சார்லஸ் ஷெல்டன் 1907-08 குளிர்காலத்தை வடக்குப் பக்கம் ஒரு மரக்குடிலில் கழித்தவர், அங்கே தேசியப் பூங்கா வேண்டும் என்று பத்தாண்டு போராடியவர். பூங்காவுக்கு டெனாலி என்றே பெயர் வைக்கச் சொன்னார். 1917-இல் பூங்கா வந்தது, பெயர் மவுண்ட் மெக்கின்லி தேசியப் பூங்கா என்று வந்தது. அதிலும் வேடிக்கை, தொடக்க எல்லைக்கோட்டுக்குள் மலையின் ஒரு பகுதிதான் இருந்தது.

1975-இல் அலாஸ்கா மாநிலம் தன் அளவில் டெனாலி என்று மாற்றிக்கொண்டு, மத்திய அரசின் இடப்பெயர் வாரியத்தையும் மாற்றச் சொல்லிக் கேட்டது. இங்கேதான் ரால்ஃப் ரெகுலா வருகிறார், ஒஹாயோவிலிருந்து காங்கிரஸுக்கு, அதாவது அமெரிக்க நாடாளுமன்றத்துக்கு, தேர்வான உறுப்பினர், அவர் தொகுதியில்தான் மெக்கின்லியின் ஊரான கேன்டன். வாரியத்துக்கு ஒரு வழக்கம்: காங்கிரஸில் ஒரு பெயரைப் பற்றி மசோதா நிலுவையில் இருந்தால் அந்தப் பெயரைத் தொட மாட்டார்கள். ரெகுலா என்ன செய்தார் என்றால், பெயர் மாறக் கூடாது என்று ஒரு மசோதாவைக் கொண்டுவருவார். அது நிறைவேற வேண்டிய அவசியமே இல்லை, கிடப்பில் கிடந்தாலே போதும். காங்கிரஸ் காலம் முடிந்தால் மறுபடி ஒன்று. 2009-இல் ஓய்வு பெறும்வரை இதை நடத்தினார், அதற்குப் பிறகும் ஒஹாயோக்காரர்கள் விடவில்லை. நாற்பது வருடம் ஒரு மலையின் பெயரை ஒரு காகிதத்தை வைத்தே நிறுத்தி வைத்தார்கள். கோபம் வந்தாலும் அந்த மூளையைப் பாராட்டத்தான் வேண்டும். நடுவில் 1980-இல் ஒரு சமரசம்: பூங்காவை மூன்று மடங்குக்குப் பெரிதாக்கி அதற்கு டெனாலி தேசியப் பூங்கா என்று பெயர் வைத்தார்கள், உள்ளே இருக்கும் மலை மட்டும் மெக்கின்லியாகவே இருந்தது.

2015-இல் ஒபாமா அலாஸ்கா போவதற்குச் சற்று முன் உள்துறைச் செயலர் சாலி ஜூவெல், வாரியம் நியாயமான காலத்துக்குள் முடிவெடுக்காவிட்டால் செயலரே எடுக்கலாம் என்ற 1947-ஆம் வருடச் சட்டத்தைப் பயன்படுத்தி டெனாலி என்று மாற்றினார். 2025 ஜனவரி 20 அன்று டிரம்ப் பதவியேற்ற நாளிலேயே மறுபடியும் மெக்கின்லி என்று உத்தரவிட்டார். இறக்குமதி வரி போட்டு நாட்டைச் செழிக்க வைத்தவர் என்று மெக்கின்லி மேல் அவருக்கு ஒரு பிரியம். பூங்காவின் பெயர் சட்டத்தில் இருப்பதால் அதைத் தொடவில்லை. அலாஸ்கா சட்டமன்றம் சில வாரங்களிலேயே டெனாலி என்றே வைக்கும்படி கேட்டுத் தீர்மானம் போட்டது, டிரம்பின் சொந்தக் கட்சியைச் சேர்ந்த செனட்டர் லிசா மர்கவுஸ்கியும் எதிர்த்தார். இதைக் குடியரசுக் கட்சி, ஜனநாயகக் கட்சிச் சண்டையாகப் பார்க்கிறவர்கள் ஏமாந்து போவார்கள். இது அலாஸ்காவுக்கும் ஒஹாயோவுக்கும் நடந்த சண்டை.

எந்தப் பெயர் சரி என்று என்னைக் கேட்டால் டெனாலி. பழமை என்ற ஒரே காரணத்துக்காக அல்ல, பக்கத்தில் இருப்பவர்கள் எல்லோரும், வெள்ளைக்காரர்களும் மலையேறிகளும் விமானிகளும் உட்பட, வாயால் சொல்வது அதைத்தான். 2025-க்குப் பிந்தைய அமெரிக்க அரசு ஆவணத்தில் தேட வேண்டுமென்றால் மட்டும் மெக்கின்லி என்று தேடுங்கள்.

பெயர் மட்டுமல்ல, உயரமும் மாறியது. 1898-இல் ராபர்ட் முல்ட்ரோ அளந்து 20,464 அடி என்றார். 1950-களில் 20,320 அடி என்று முடிவானது, அரை நூற்றாண்டு அதுதான். 2013-இல் விமான ராடார் அளவை 20,237 என்று காட்ட, மலை 83 அடி குட்டையாகிவிட்டது என்று செய்தி போட்டார்கள். 2015-இல் ஜிபிஎஸ் கருவிகளோடு ஆட்களே உச்சிக்கு ஏறி அளந்ததில் 20,310 அடி வந்தது, நான் மேலே சொன்ன 6,190 மீட்டர் அதுதான். செங்குத்தான பனிமுகட்டை ராடார் சரியாகப் பிடிக்காது.

கடைசிக் கேள்வி, போனால் பார்க்க முடியுமா? பூங்காவுக்கு வருகிறவர்களில் மூன்றில் ஒரு பங்குக்குத்தான் மலை முழுதாகத் தெரியும். அலாஸ்கா வளைகுடாவிலிருந்து வரும் ஈரக்காற்று இந்தச் சுவரில் மோதி மேகமாகிவிடும், கோடையில் அது இன்னும் மோசம். பூங்காவுக்குள் ஒரே சாலை, 148 கி.மீ.; சொந்தக் காரில் முதல் 24 கி.மீ. மட்டும், பிறகு பேருந்து. 2021 ஆகஸ்டில் நிலச்சரிவால் நடுவில் சாலை துண்டிக்கப்பட்டு, அங்கே பாலம் கட்டும் வேலை நடக்கிறது, அதனால் கிளம்பும் முன் பேருந்து எதுவரை போகிறது என்று பார்த்துக்கொள்ளுங்கள். என் யோசனை, பூங்கா வாசலோடு நிற்காமல் தெற்கே டால்கீட்னா என்ற சின்ன ஊரில் இரண்டு ராத்திரி தங்குங்கள். அங்கிருந்து மூன்று மலைகளும் வரிசையாகத் தெரியும், வானம் வெளுத்தால் பனிச்சறுக்குக் கட்டை பொருத்திய சிறு விமானத்தில் ரூத் பனியாற்றில் இறக்கியும் காட்டுவார்கள்.

ஏறும் ஆசை இருந்தால் அது வேறு விஷயம். விமானம் 2,200 மீட்டரில் கஹில்ட்னா பனியாற்றில் இறக்கிவிடும், அங்கிருந்து நாலாயிரம் மீட்டர் ஏற்றம். 1951-இல் பிராட்ஃபோர்ட் வாஷ்பர்ன் திறந்த மேற்குச் சாரல் வழியில்தான் இன்றும் பெரும்பாலோர் போகிறார்கள், சுமை தூக்க ஷெர்பாக்கள் கிடையாது, உங்கள் மூட்டையை நீங்களே சறுக்குவண்டியில் கட்டி இழுக்க வேண்டும். துருவத்துக்குப் பக்கம் வளிமண்டலம் மெலிந்திருப்பதால், இமயமலையில் இதே உயரத்தில் கிடைக்கும் மூச்சுகூட இங்கே கிடைக்காது. 5,700 மீட்டரில் இருந்த வானிலைக் கருவி 2003 டிசம்பரில் மைனஸ் 59.7 டிகிரி செல்சியஸ் காட்டியது. ஜப்பானின் நவோமி உவேமுரா 1984 பிப்ரவரியில் தன் 43-ஆவது பிறந்தநாளன்று குளிர்காலத்தில் தனியாக உச்சியைத் தொட்டார், இறங்கும்போது காணாமல் போனார், உடல்கூடக் கிடைக்கவில்லை. மே முதல் ஜூலைத் தொடக்கம் வரைதான் ஏறும் பருவம், முயல்கிறவர்களில் பாதிப் பேர்தான் உச்சியைப் பார்க்கிறார்கள். முதல் பெரிய மலையாக இதைத் தேர்ந்தெடுக்க வேண்டாம்.